கோல் என்னுடையது, மச்சான்

எந்நாளும் என் அன்பையும் எரிச்சலையும் சேர்த்தே வாங்கிக்கொண்ட என் மச்சான் யோகனுக்கு,

நீ போய் ஆறு மாதமாகிறது. மாசிக் குளிரில், தெற்கு லண்டனில் மிச்சம் என்கிற இடத்து டிராம் தரிப்பில், பெட்ரோல் ஷெட் வேலைக்குப் போகிற உடுப்போடு நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தவன் பிறகு எழும்பவில்லை. நாற்பத்தொரு வயது. என்னைவிட நான்கு மாதம்தான் மூத்தவன் நீ. அந்த நான்கு மாதத்தை வைத்துக்கொண்டு பள்ளிக்கூடத்திலும் மைதானத்திலும் எனக்கு முன்னால் நின்றாய். போவதிலும் முந்திக்கொண்டாய்.

உன் செத்தவீட்டை நீ பார்த்திருக்க வேண்டும். மண்டபம் கொள்ளாத சனம். ஈஸ்ட் ஹாமிலிருந்து ஒரு வான் நிறைய ஆட்கள், பாரிசிலிருந்து இரண்டு கார். பதினைந்து வருடம் பெட்ரோல் ஷெட்டில் ஷிப்ட் அடித்தவனைப் பற்றி ஒருவரும் கதைக்கவில்லை. இருபது வருடத்துக்கு முன் பந்தடித்தவனைப் பற்றியே கதைத்தார்கள். மைக்கைப் பிடித்த ஒவ்வொருவரும் ஒரே வசனத்தைத்தான் சொன்னார்கள்: "யுத்தம் மட்டும் வராமல் இருந்திருந்தால் எங்கட யோகன் எங்கேயோ போயிருப்பான்."

நான் பெட்டிக்குப் பக்கத்தில், குடும்பக்காரர் வரிசையில் நின்றேன். என் பெண்சாதி, உன் தங்கை வசந்தி, என் தோளில் சாய்ந்து அழுதுகொண்டிருந்தாள். எனக்குள் என்ன இருந்தது என்று இப்போது உனக்குச் சொல்லிவிடுகிறேன். பொறாமை இருந்தது. பெட்டிக்குள் கிடந்த உன்னைப் பார்த்து நான் பொறாமைப்பட்டேன். இப்படியும் ஒரு மனுசனா என்று நீ கேட்பாய். கேள், பரவாயில்லை.

இப்போது உன் பெயரில் ஒரு கிண்ணம் வரப்போகிறது. எங்கள் ஊர்க் கழகத்தின் பழைய கப்டன் குணம் அண்ணைதான் முன்னின்று செய்கிறார். அவர் இன்னும் ஈஸ்ட் ஹாமில் சேலைக் கடையில் இருந்தபடியேதான் ஊரை நடத்துகிறார். அடுத்த ஞாயிற்றுக்கிழமை, லண்டனில் உள்ள ஊர்க் கழகங்கள் எல்லாம் வந்து விளையாடுகிற கோடைகாலப் போட்டி. இந்த வருடம் அதற்கு உன் பெயர். கூடவே ஒரு நினைவு மலர். அதில் மச்சான்காரன் என்ற முறையில் என்னை இரண்டு பக்கம் எழுதச் சொன்னார். "யோகனைப் பற்றி உன்னைவிட ஆர் எழுத ஏலும்?" என்றார். நான் அதை வேறு விதமாக எடுத்துக்கொண்டேன். வாழ்நாள் முழுக்க அவனைப் பார்த்தே எரிந்துகொண்டிருந்தவன் நீதானே என்று அவர் சொல்வதுபோல் எனக்குக் கேட்டது.

ஆகவே எழுதுகிறேன். இரண்டு பக்கத்தை மிஞ்சும். குணம் அண்ணை ஏசுவார்.

முதலில் ஒரு கேள்வி. யுத்தம் உன்னை நிறுத்தியது, சரி. என்னை என்ன செய்தது? ஒன்றும் செய்யவில்லையே. நான் ஜெர்மனிக்குப் போனேன். அங்கே நிலக்கரிச் சுரங்கப் பக்கத்து ஊர் ஒன்றில், மேசன்மாரும் ரொட்டி சுடுகிறவர்களும் விளையாடுகிற சின்னக் கழகத்தில் பதினொரு வருடம் விளையாடினேன். சேற்றிலும் பனியிலும் விளையாடினேன். ஒரு சீசனில் ஆறு கோல், அடுத்த சீசனில் நாலு, பிறகு இரண்டு. கடைசி இரண்டு வருடம் மேலதிக ஆட்டக்காரர் வாங்கில் இருந்தேன். முழங்கால் தேய்ந்தபின் கோட்டோரம் கொடி பிடித்தேன். என் விளையாட்டு ஒழுங்காகத் தொடங்கி ஒழுங்காக முடிந்தது. நான் எவ்வளவு ஓடுவேன், எவ்வளவு ஓடமாட்டேன் என்று அந்த ஊர் முழுக்கப் பார்த்துவிட்டது.

உனக்கு அது நடக்கவில்லை. நீ இருபத்தொரு வயதிலேயே நின்றுவிட்டாய். நீ வாங்கில் இருந்ததை ஒருவரும் பார்க்கவில்லை. உனக்கு மூச்சு வாங்கியதை ஒருவரும் பார்க்கவில்லை. "இருந்திருந்தால், போயிருப்பான்" என்று ஊர் சொல்லிச் சொல்லி உன்னை வளர்த்தது. என்னைப் பற்றி ஒருவரும் அப்படிச் சொல்ல ஏலாது. நான்தான் இருந்தேனே, விளையாடினேனே, ஒரு இடத்துக்கும் போகவில்லையே. இதைவிடப் பெரிய எரிச்சல் ஒரு பந்தாட்டக்காரனுக்கு உண்டா, நீயே சொல்?

இனி அந்த ஜேர்சிக் கதைக்கு வருகிறேன். உனக்குத் தெரிந்ததுதான். ஆனால் மலரை வாசிக்கப் போகிறவர்களுக்குத் தெரியாது.

எங்கள் கழகத்துக்குப் பதினொரு ஜேர்சிதான் இருந்தது. மேலதிக ஆட்டக்காரருக்கு ஒன்றும் கிடையாது. வெறும் பெனியனோடு கோட்டுக்கு வெளியே குந்தியிருப்போம். உள்ளே ஒருவன் களைத்து வந்தால், அவன் கழற்றித் தருகிற ஜேர்சியைத்தான் போட்டுக்கொண்டு இறங்க வேண்டும். பிழியப் பிழிய வியர்வை. மற்றவனின் சூடு ஆறாமல் இருக்கும். எங்களுக்கு அது வழமை. எந்தக் கழகமும் அப்போது அப்படித்தான்.

யாழ்ப்பாணத்தில் அந்த இறுதிப் போட்டி. ஒன்றுக்கு ஒன்று. ஆட்டம் முடியப் பத்து நிமிடம் இருக்கும்போது உனக்குக் கெண்டைக்கால் பிடித்துக்கொண்டது. நொண்டி நொண்டி வெளியே வந்தாய். பத்தாம் இலக்க ஜேர்சியைத் தலைக்கு மேலால் உருவி என்னிடம் எறிந்தாய். "கெதியாப் போடு மச்சான்" என்றாய். போட்டேன். இறங்கினேன். இடப்பக்கத்திலிருந்து குணம் அண்ணை தூக்கிக் கொடுத்த பந்து, அவர்களின் கோல் காப்பவன் குத்திவிட, என் நெஞ்சில் பட்டு விழுந்தது. நிலத்தைத் தொடமுன் வலது காலால் அடித்தேன். வலை பொங்கியது.

பெடியள் என்னைத்தான் தூக்கினார்கள். நீயும் நொண்டிக்கொண்டே ஓடிவந்து என் தலையைப் பிடித்துக் குலுக்கினாய். அந்த ஒரு பின்னேரம் முழுக்க அந்தக் கோல் என்னுடையதாகத்தான் இருந்தது.

மூன்றாம் நாள் பேப்பரில் படம் வந்தது. பின்பக்கமிருந்து எடுத்த படம். முகம் தெரியவில்லை, முதுகில் பத்து தெரிந்தது. பேப்பர்க்காரன் தன்னிடமிருந்த பெயர்ப்பட்டியலைப் பார்த்து, வெற்றிக் கோலை அடித்தவர் யோகநாதன் என்று போட்டுவிட்டான். அவ்வளவுதான். எங்கள் ஊரில் பேப்பரில் வந்தால் வந்ததுதான். வாசகசாலையில் படத்தைப் பார்த்தவர்கள், அன்று கோட்டோரம் நின்று கண்ணால் கண்டவர்கள்கூட, ஒரு மாதத்துக்குள் மாறிவிட்டார்கள். என் அம்மாவே "யோகன் நல்ல கோல் ஒண்டு அடிச்சானாம், நீயும் விளையாடினனியே?" என்று என்னிடம் கேட்டா.

நீ என்னிடம் வந்தாய். "பேப்பர்க்காரனுக்கு ஒரு கடிதம் எழுதுவம் மச்சான், பிழையைத் திருத்தச் சொல்லி" என்றாய். அந்தக் கிழமை எழுதவில்லை. அடுத்த கிழமையும் எழுதவில்லை. மூன்றாவது கிழமை உனக்கு ஒரு கடிதம் வந்தது. கொழும்பிலிருந்து. தேசிய அணித் தெரிவுக்கான பயிற்சி முகாமுக்கு வரச்சொல்லி. அதற்குப் பிறகு நீ பேப்பர்க்காரன் கதையை எடுக்கவேயில்லை.

நான் எடுத்திருக்கலாம். மானம் விடவில்லை. என் கோலை வைத்துக்கொண்டு நீ ரயில் ஏறினாய் என்று மனதுக்குள் எழுதிவைத்துக்கொண்டேன். ஸ்டேஷனுக்கு வந்து கை காட்டினேன். உன் புது பூட்ஸ், கயிற்றால் இரண்டையும் முடிந்து, தோளில் தொங்கியது. அந்த பூட்ஸ் என் தோளில் தொங்கவேண்டியது என்ற நினைப்போடு வீட்டுக்கு நடந்தேன்.

பிறகு அந்த ஆடி வந்தது. கொழும்பில் தமிழரை வீடு வீடாகத் தேடி அடித்து எரித்த ஆடி. உன்னைப் பற்றி ஒரு தகவலும் இல்லாமல் உன் வீட்டில் இரண்டு கிழமை அடுப்பெரியவில்லை. பிறகு கப்பலில் அகதிகளைக் கொண்டுவந்து காங்கேசன்துறையில் இறக்கினார்கள். நானும் உன் ஐயாவும் துறைமுகத்துக்கு வந்தோம். யாரோ ஒருவருடைய சாரத்தைக் கட்டிக்கொண்டு, வெறுங்காலோடு, நொண்டி நொண்டி இறங்கினாய். "கப்பல் ஏணியில ஏறேக்க விழுந்திட்டன்" என்றாய். பூட்ஸ் எங்கே என்று நான் கேட்டேன். உன் ஐயா என்னை ஒரு பார்வை பார்த்தார்.

இதையும் எழுதிவிடுகிறேன், மச்சான். நீ நொண்டியதைக் கண்டபோது எனக்குள் ஒரு சின்னச் சந்தோசம் வந்தது. உன்னை உயிரோடு கண்ட சந்தோசமும் இருந்ததுதான், பொய் சொல்லவில்லை. ஆனால் அதற்குக் கீழே இன்னொன்று இருந்தது. இனி அந்தப் பத்தாம் இலக்கத்துக்காகக் காத்துக்கொண்டு குந்தியிருக்கத் தேவையில்லை என்று. அடுத்த போட்டிக்கு முதல் பதினொருவரில் நான் இருந்தேன். மூன்று போட்டி விளையாடினேன். பிறகு ஷெல் விழத் தொடங்கியது. பிறகு போட்டியே இல்லை. இப்போது அந்த மைதானம் ஆமியின் முள்ளுக்கம்பிக்கு உள்ளே இருக்கிறது. சமாதானம் என்று பாதை திறந்தும், எங்கள் ஊருக்குள் மட்டும் இன்னும் போக விடவில்லை. போன மாதம் போய்வந்த ஒருவர், தூரத்தில் நின்று பார்த்தபோது கோல் கம்பங்கள் இருந்த இடத்தில் ஒரு காவலரண் நிற்கிறது என்றார்.

உன் தங்கையை எனக்குக் கட்டித் தரவேண்டும் என்று நீதான் உன் வீட்டில் நின்றுபிடித்தாய் என்று வசந்தி பின்னாளில் சொன்னாள். ஏன் என்று நான் யோசிக்கவில்லை. அவள் ஜெர்மனிக்கு வந்து இறங்கியபோது சூட்கேசில் மேலாக இருந்தது அந்தப் பேப்பர்ப் படம். கண்ணாடி போட்டுச் சுவரில் மாட்டினாள். என் வீட்டுச் சுவரில், என் கோல், உன் பெயரில். வருகிறவர்கள் எல்லோருக்கும் காட்டுவாள். "இது என்ர அண்ணா." நான் தேத்தண்ணி கொண்டுவந்து வைப்பேன். ஒரு தடவை, கலியாணம் முடித்த புதிதில், உண்மையைச் சொல்லிப் பார்த்தேன். சிரித்தாள். "உங்களுக்கு அண்ணாவில எரிச்சல்" என்றாள். எரிச்சல் என்பது உண்மை. அதனால் மற்றது பொய்யாகிவிட்டது.

பிள்ளைகளின் ஆங்கிலப் படிப்புக்காக நாங்கள் ஜெர்மனியை விட்டு லண்டன் வந்தபோது, ஹீத்ரோவுக்கு நீதான் காரோடு வந்தாய். கிங்ஸ்பரிக்குப் போகிற வழியில், வசந்தியும் பிள்ளைகளும் பின்னால் நித்திரை. நீ சிக்னலில் நின்றபடி மெல்லச் சொன்னாய்.

"தேவன், அந்தக் கொழும்புக் கடிதம் உனக்கு வந்திருந்தா..."

நான் உன்னை முடிக்க விடவில்லை. எத்தனை வருடம் அடக்கியது!

"வந்திருந்தா நான் போய் விளையாடியிருப்பன். விழுந்து எழும்பி வந்திருக்க மாட்டன்" என்றேன்.

நீ சிரித்தாய். "ஓம் மச்சான், விளையாடியிருப்பாய்" என்றாய். லைட் மாறியது, காரை எடுத்தாய்.

அந்தச் சிரிப்பை நான் மூன்று வருடம் மறக்கவில்லை. என் வாயைக் கிளறிப் பார்த்துச் சிரிக்கிறான் என்று நினைத்தேன். அதற்குப் பிறகு உன் வீட்டுக்கு வருசப்பிறப்புக்கும் பிள்ளைகளின் பிறந்தநாளுக்கும் மட்டும்தான் வந்தேன். வடக்கு லண்டனிலிருந்து உன் மிச்சம் வீடு தூரம் என்று வசந்திக்குச் சாட்டுச் சொன்னேன். உண்மையில் தூரம்தான், ஆனால் அதற்காக வராமல் இருக்கவில்லை.

போன மாதம் குணம் அண்ணையின் கடைக்குப் போனேன். மலரின் அட்டைக்கு அந்தப் படத்தைத்தான் போடப்போகிறார் என்று கேள்விப்பட்டு, இனியும் பொறுக்க ஏலாது என்றுதான் போனேன். அவர் சேலைகளை மடித்துக்கொண்டு நின்றார்.

"அண்ணை, அந்தக் கோல் நான் அடிச்சது."

"எந்தக் கோல்?"

"படத்தில இருக்கிற கோல். யோகன் அதுக்கு முதலே வெளியில வந்திட்டான். ஜேர்சியைத்தான் நான் போட்டனான்."

"உனக்கு விசரே? நான்தானே பந்தைத் தூக்கிக் குடுத்தனான். எனக்குத் தெரியாதே ஆர் அடிச்சதெண்டு?"

"சரி அண்ணை. யோகன் எந்தக் கால்காரன்?"

"இடது கால். அவன்ர இடது கால் மாதிரி இந்த நாட்டில கூட நான் காணேல்லை."

"படத்தைப் பாருங்கோ. எந்தக் காலால அடிக்கிறான்?"

குணம் அண்ணை மூக்குக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு குனிந்து பார்த்தார். நெடுநேரம் பார்த்தார். பிறகு நிமிர்ந்தார். கண் கலங்கியிருந்தது.

"பாத்தியே, வலது காலால அடிச்சிருக்கிறான்! இடது கால் பிடிச்சுப்போச்சு எண்டு வலது காலால அடிச்சிருக்கிறான். அதுதானடா யோகன்!"

சேலை வாங்க வந்திருந்த இரண்டு பெண்களைக் கூப்பிட்டு அதைக் காட்டினார். நான் ரயில் ஏறினேன். என்னிடமிருந்த ஒரேயொரு சாட்சியும் உனக்கு மாலையாகப் போய்விழுந்தது. கிங்ஸ்பரி வரும்வரை உன்னை மனதுக்குள் ஏசிக்கொண்டே வந்தேன், கேட்டிருக்குமே?

ஆனால் அச்சகத்துக்கு மூலப் படம் வேண்டும் என்றும், வசந்தியிடம் இருப்பது மங்கிவிட்டது என்றும், யோகன் வீட்டில் இன்னொன்று இருக்கிறது, வாங்கி வா என்றும் அடுத்த நாள் குணம் அண்ணை போன் எடுத்தார். போகவேண்டியதாயிற்று.

உன் பெண்சாதி சாந்தினி வேலைக்குப் போயிருந்தா. உன் மகள் நிலானி கதவைத் திறந்தாள். பதினேழு வயது, உன் நெற்றி, உன் நடை. பள்ளிக்கூடப் பெண்கள் அணியில் இந்த வருடம் அவள்தான் கப்டன், தெரியுமா? இடது கால். என் பெடியள் இரண்டு பேரும் கம்ப்யூட்டரில்தான் பந்தடிக்கிறார்கள். பார், இதிலும் நீதான்.

அவள் உன் அலுமாரியிலிருந்து ஒரு பிளாஸ்டிக் உறையைக் கொண்டுவந்தாள். உள்ளே அந்தப் பேப்பர்த் துண்டு. அவள் அதை மேசையில் வைத்து, விரலால் தொட்டுக் காட்டினாள்.

"மாமா, கான் ஐ ஆஸ்க் யூ சம்திங்? அப்பா லெஃப்ட் ஃபுட் தானே. இது ரைட் ஃபுட்."

இருபது வருடத்தில் ஒருவராவது கேட்டார்களே!

"பின்னால அப்பா ஏதோ எழுதியிருக்கிறார்" என்றாள். "எனக்குத் தமிழ் வாசிக்கத் தெரியாது. அம்மாட்டக் கேக்க விருப்பமில்லை, அழுவா. நீங்கள் வாசிக்கிறீங்களா?"

திருப்பினேன். உன் கையெழுத்து. நீல மை, மங்கிப்போன பழைய மை. லண்டனில் எழுதியது இல்லை. ஊரில் எழுதியது.

"கோல்: தேவன். ஜேர்சி மட்டும்தான் என்னுடையது."

வாசித்தேன். உரக்க வாசித்தேன். இரண்டாம் தரம் அவள் கேட்காமலே வாசித்தேன்.

"சோ, இது நீங்களா மாமா?"

"ஓம் பிள்ளை. நான்தான்."

யோகன், அந்த ஒரு நிமிடத்தை என்னால் சொல்ல ஏலாது. இருபது வருடம் வாய்க்குள் வைத்திருந்த சொல். அதை உன் வீட்டில், உன் கதிரையில் இருந்து, உன் மகளிடமே சொன்னேன். அவளும் நம்பினாள். எனக்கு எழும்பி ஓடவேண்டும்போல் இருந்தது, இந்த முழங்காலோடு. உன்னில் எனக்கிருந்த கோபம்கூட அந்த நிமிடம் போய்விட்டது.

நிலானி படத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். கணக்கு ஒன்றை மனதில் செய்கிற முகம்.

"பட், அப்பா சொன்னவர், இந்த கோலாலதான் தன்னைக் கொழும்புக்குக் கூப்பிட்டவை எண்டு."

"ஓம், அப்பிடித்தான்."

"அப்ப நீங்கள்தானே மாமா போயிருக்க வேணும்?"

எத்தனை தடவை எனக்கு நானே சொல்லிக்கொண்ட வசனம் அது! ஓம் என்று சொல்ல வாயைத் திறந்தேன். அவள் அதற்குமுன் கேட்டாள்: "அப்பான்ர முழங்காலுக்கு என்ன நடந்ததெண்டு உங்களுக்குத் தெரியுமா?"

"கப்பல் ஏணியில விழுந்தவர்."

"இல்லை மாமா."

போன வருடம் அவளுக்கு விளையாட்டில் முழங்கால் திருகி, இனி விளையாட ஏலாதோ என்று அழுதபோது, நீ அவளுக்குப் பக்கத்தில் இருந்து காற்சட்டையை மடித்து உன் முழங்காலைக் காட்டினாயாம். கொழும்பில் நீ தங்கியிருந்த அறையிலிருந்து ஓடியபோது சந்தியில் மறித்தவர்கள் உன் தோளில் பூட்சைக் கண்டார்களாம். பந்தடிக்கிறவனா என்று கேட்டார்களாம். நீ பயத்தில் ஓம் என்று சொன்னாயாம். எந்தக் காலால் என்று கேட்டார்களாம். நீ சொன்ன அந்த இடது முழங்காலில் இரும்புக் கம்பியால் மூன்று அடி. பூட்சையும் எடுத்துக்கொண்டு போனார்களாம்.

"அம்மாக்குத் தெரியாது. ஒருத்தருக்கும் சொல்லாதே எண்டு சொன்னவர். ஐ டிடின்ட். ஆனா நீங்கள் தானே..." என்றவள் முடிக்கவில்லை.

நான் அந்தப் பேப்பர்த் துண்டைக் கையில் வைத்தபடி இருந்தேன். நிலானி தண்ணீர் கொண்டுவந்து தந்தாள்.

சொல், மச்சான். சிக்னலில் காரை நிறுத்திவிட்டு நீ சொல்ல வந்தது இதுதானா? நான் வாயை மூடிக்கொண்டு இருந்திருந்தால் சொல்லியிருப்பாயா? "விழுந்து எழும்பி வந்திருக்க மாட்டன்" என்று நான் சொன்னபோது, உன் கால் கிளச்சில் இருந்ததே, அந்தக் கால்தானே? அதற்கு நீ சிரித்தாயே, எப்படி உன்னால் ஏலுமாயிற்று? என் கோலை எடுத்துக்கொண்டு போனதற்குத் தண்டனை என்று நினைத்துக்கொண்டா இத்தனை வருடம் வாயைத் திறக்கவில்லை? தங்கையைக் கட்டித் தந்ததும் அதற்காகவா?

ஒன்றுக்கும் நீ பதில் சொல்லப் போவதில்லை. அதுவும் உனக்கு வசதியாகிவிட்டது.

வீட்டுக்கு வந்து வசந்தியிடம் எல்லாவற்றையும் சொன்னேன். கோலையும் சொன்னேன், முழங்காலையும் சொன்னேன். அவள் சுவரில் இருந்த படத்துக்குக் கீழே போய் நின்றாள். அழுது முடித்தபின் என்னைப் பார்த்துச் சொன்னாள்: "நீங்களெண்டா இதை ஊரெல்லாம் காட்டியிருப்பியள்." கோபத்தில் சொல்லவில்லை. உள்ளதைத்தான் சொன்னாள். நானென்றால் காட்டியிருப்பேன்தான். காற்சட்டையை மடித்துக்கொண்டே திரிந்திருப்பேன். அந்தக் கோலுக்காக இருபது வருடம் புலம்பியவன், அந்த அடிக்கு நூறு வருடம் புலம்பியிருப்பேன். கடைசியில் கோல் என்னுடையது என்று என் பெண்சாதி ஒத்துக்கொண்ட அதே நாளில் நீ இன்னும் உயரத்துக்குப் போய்விட்டாய். இது நியாயமா?

சாந்தினிக்கு நிலானியே சொன்னாள். மூன்று நாள் சாந்தினி ஒருவரோடும் கதைக்கவில்லையாம். நான்காம் நாள் எனக்குப் போன் எடுத்தா. "மலரில எழுதுங்கோ அண்ணை. ஒண்டையும் விடாமல் எழுதுங்கோ. அந்த மனுசன் மழை நாளில ஏன் படி ஏறமாட்டார் எண்டு நான் எத்தினை தரம் ஏசியிருப்பன்" என்றா. அதனால்தான் உன் சொல்லை மீறி எழுதுகிறேன். என்னைக் கோபி, தாயையும் மகளையும் கோபிக்காதே.

இன்னொன்று. இதுதான் எனக்குச் சொல்லக் கஷ்டமானது.

இருபது வருடமாக நான் ஒன்றைத்தான் நம்பினேன். அந்தக் கடிதம் என் கோலுக்காக வந்தது, என் கடிதம், நீ எடுத்துக்கொண்டாய் என்று. கோயிலில் கும்பிடுகிறபோதுகூட அந்த நம்பிக்கையை விட்டதில்லை. இப்போது ஒவ்வொரு நாளும் வேலைக்குப் போகிற ரயிலில் இருந்துகொண்டு உன் ஆட்டங்களை ஒவ்வொன்றாக நினைத்துப் பார்க்கிறேன். அரையிறுதியில் இரண்டு பேரை வெட்டிக்கொண்டு போய் நீ அடித்த கோல். மழைக்குள் மூலையிலிருந்து வளைத்து விட்ட பந்து. அதற்கு முந்திய வருடம் மாவட்ட அணிக்கு நீ விளையாடிய ஆட்டம். எல்லாவற்றையும் ஒன்றும் விடாமல் எடுத்து வைக்கிறேன். எதற்காக என்று உனக்கு விளங்கும். அந்தக் கடிதம் உன் கெட்டித்தனத்துக்காகத்தான் வந்தது, அந்தப் படம் வராவிட்டாலும் வந்திருக்கும் என்று நான் நம்பவேண்டும். நீ என்னைவிடத் திறமானவன் என்று நான் நம்பவேண்டும், மச்சான். இல்லாவிட்டால் அந்தக் கம்பி என் காலுக்கு வரவேண்டியது. இதை யோசித்தால் எனக்கு நித்திரை வருவதில்லை.

நீ திறமானவன்தான். அப்போதே தெரியும். அதனால்தானே எரிந்தேன்.

அடுத்த ஞாயிறு போட்டி. கிண்ணத்தைக் கொடுக்கமுன் ஐந்து நிமிடம் குணம் அண்ணை எனக்கு மைக் தருகிறார். வலது கால் கதையை அவர் இன்னும் எல்லோருக்கும் சொல்லிக்கொண்டிருக்கிறார், சொல்லட்டும். மலரின் அட்டையில் படத்தின் முன்பக்கத்தைப் போடுங்கோ, உள்ளே பின்பக்கத்தையும் போடுங்கோ என்று அச்சகத்துக்கு நானே போன் எடுத்துச் சொல்லிவிட்டேன். நிலானியும் வருகிறாள். இரண்டாம் ஆட்டத்தில் எங்கள் ஊர்ப் பெடியளோடு அவளையும் இறக்கவேண்டும் என்று சண்டை பிடித்து வாங்கியிருக்கிறேன். இப்போது எல்லோருக்கும் ஆளுக்கொரு ஜேர்சி இருக்கிறது, மேலதிகமாகவும் ஒரு பை நிறைய இருக்கிறது. இருந்தாலும் பத்தாம் இலக்கத்தை எடுத்து வைத்திருக்கிறேன், அவளுக்கு.

உனக்கு ஒரு வாக்குத் தருகிறேன். மைக்கைப் பிடித்து அந்தக் கோல் நான் அடித்தது என்று சொல்வேன். அதோடு நிறுத்தமாட்டேன். அந்தக் கோலோடு வந்த ரயில் பயணத்தையும், சந்தியில் உன்னைக் கேட்ட கேள்வியையும், கப்பல் ஏணி என்ற பொய்யையும், துறைமுகத்தில் எனக்கு வந்த சின்னச் சந்தோசத்தையும் சேர்த்துச் சொல்வேன். கோலை மட்டும் தனியாகக் கேட்டு இனி வரமாட்டேன்.

சொல்லி முடித்ததும் என்ன நடக்கும் என்று எனக்குத் தெரியும். மைதானம் முழுக்க எழும்பி நின்று கைதட்டும். அடித்த எனக்கில்லை. உனக்கு. நான் மைக்கோடு நின்று பார்த்துக்கொண்டிருப்பேன், வயிறு எரியும், நானும் தட்டுவேன்.

இப்படிக்கு,
உன் தங்கையின் புருசன்,
உனக்குப் பிறகு அந்த ஜேர்சியைப் போட்ட உன் மச்சான்,
தேவன்
கிங்ஸ்பரி, லண்டன்